அருவிக்கு முதுகு காட்டி

"ஹலோ… ஹலோ, ஆமா, சொல்லுங்க… ஆமா ஆமா, எடிட்டர்தான் பேசறேன்… எந்தப் படம்?… அருவிப் படமா! அது எடுத்து இருபத்திரண்டு வருஷம் ஆச்சே, இப்ப என்ன திடீர்னு… விசாரணையா? என்ன விசாரணை?… இருங்க, இருங்க, மெதுவா. நீங்க யாருன்னே இன்னும் சொல்லல."

கைபேசியைத் தோளுக்கும் காதுக்கும் நடுவே இடுக்கிக்கொண்டு, ஓடிக்கொண்டிருந்த படத்தை நிறுத்தினாள் கத்திரி. அது தொழிலில் அவளுக்கு விழுந்த பெயர். சொந்தப் பெயர் வங்கிக்காரர்களுக்குத்தான் தெரியும். முப்பத்தொரு வருஷமாகக் காட்டு மக்கள், மலை மக்கள், ஆற்றோர மக்கள் என்று ஆதிக்குடிகளைப் பற்றிய ஆவணப்படங்களை வெட்டி ஒட்டியவள். அவர்கள் ஊர் ஒன்றில்கூட அவள் கால் வைத்ததில்லை. அவர்கள்தான் பெட்டி பெட்டியாக இந்த ஜன்னல் இல்லாத அறைக்கு வந்தார்கள். அடுத்த வாரம் அவளுக்குப் பாராட்டு விழா. மேடையில் போட மூன்று நிமிஷத் தொகுப்பு ஒன்று வேண்டுமாம். வேறு யாரிடம் கொடுப்பது, அதையும் அவளே வெட்டிக்கொண்டிருந்தாள்.

"…பாறை மேல நிக்கிற அம்மாவோட மகளா? நீயா அது? முதுகுல துணியில கட்டியிருந்த குழந்தை? மூக்கு ஒழுகிக்கிட்டே… ஐயோ, உன்னை எனக்கு நல்லாத் தெரியும்மா. உனக்குத்தான் என்னைத் தெரியாது… அட, உன் அம்மா இப்பகூட என் எதிர்லதான் சிரிச்சிட்டு நிக்கறாங்க, திரையில. என் தொகுப்போட கடைசிக் காட்சியே அவங்கதான். எப்படி இருக்காங்க?… ஓ… எப்போ?… பத்தொன்பது வருஷமா… எனக்கு யாரும் சொல்லலையேம்மா… அங்க மேலயே பொதைச்சீங்களா?… குடியிருப்புக்குப் பின்னாடியா. வேலி ஓரமா… ம்… ம்… மேல ஏற விடலையா… சரி."

ஏதாவது தோன்றும் என்று காத்திருந்தாள். ஒன்றும் தோன்றவில்லை. கண்ணீர் இமையில் நிற்கும்போது வெட்டுவதா, கன்னத்தில் இறங்கிய பிறகு வெட்டுவதா என்று இத்தனை வருஷம் அடுத்தவர் அழுகையை அளந்து அளந்து, அவளுக்கு எப்போதோ மரத்துப்போயிருந்தது. அதில் அவளுக்கு வருத்தம்கூட இல்லை. பல் டாக்டர் ஊசி போட்ட பிறகு கன்னத்தைத் தொட்டுப் பார்ப்பதுபோல, எப்போதாவது தொட்டுப் பார்ப்பதோடு சரி.

"கேளு, கேளு. எதுவானாலும் கேளு… அம்மா கைத் தழும்பா? இடது கை… இதுல யோசிக்க என்ன இருக்கு, இடது கைதான். மணிக்கட்டுலேர்ந்து முழங்கை வரைக்கும் தீக்காயம். பேசும்போது அதைத் தடவிக்கிட்டே இருப்பாங்க, யாராவது அவசரப்படுத்தினா சொறிவாங்க… வலது கையா? யார் சொன்னா?… நீயே எழுதிக் குடுத்தியா? எதைப் பாத்து?…"

கத்திரி திரையில் நின்ற அந்த அம்மாவின் கையைப் பார்த்தாள்.

"…ஆமா. படத்துல வலது கைதான்."

கட்டைவிரல் நகத்தைக் கடித்தாள். பெரிய விரிசல் எதுவும் மனதுக்குள் விழவில்லை. மறந்துபோன ஒரு வேலை ஞாபகத்துக்கு வந்த மாதிரிதான் இருந்தது.

"அழாதேம்மா. இல்ல, அழணும்னா அழு, ஆனா விஷயத்தைச் சொல்லிட்டு அழு… மத்தியானச் சாப்பாட்டுக்கு எந்திரிச்சுப் போயிருக்காரா அதிகாரி? எப்போ வருவார்?… இருபது நிமிஷம். சரி, நான் திருப்பிச் சொல்றேன், சரியான்னு பாரு. செத்துப்போன உங்க பெரியவங்களோட கல்லுங்க அருவிப் பக்கத்துல இருக்கு. அது இருந்தா அந்தக் கரை உங்களோடது, நீங்க திரும்ப ஏறிப் போகலாம்… ம். அருவிக்கு முதுகு காட்டி நின்னா இடது கைப் பக்கம்னு உன் மாமா சொல்றாரு. வலது கைப் பக்கம்னு நீ எழுதிக் குடுத்திருக்க… ஏன்னா படத்துல அம்மா வலது பக்கம் கை காட்டறாங்க… ஆமாம்மா, மலையிலேர்ந்து உங்களை எறக்கிவிட்டப்போ உனக்கு நாலு வயசு, உனக்கு எப்படித் தெரியும்… வலது கரையில ரோடு போட்டாங்க, ஒரு கல்லும் கெடைக்கல. அதனால மொத்தமும் பொய்ன்னு அதிகாரி சொல்றாரா… அம்மாவோட அடையாள அட்டையில இடது கைத் தழும்புன்னு இருக்கு, அதனால படத்துல இருக்கறது உன் அம்மாவே இல்லன்னு… அடப்பாவி!"

கதவைத் திறந்து அவள் கணவர் எட்டிப் பார்த்தார். பின்னாலேயே குழாய் ரிப்பேர்காரர், கையில் பெரிய ஸ்பானருடன். அவர் அதை ஆட்டிக் காட்டி ஏதோ கேட்டார்.

"மெயின் வால்வு மாடிப்படிக்குக் கீழ… மாடிப்படிக்குக் கீழங்க! வலப்பக்கம் திருகச் சொல்லுங்க… இல்லம்மா, உன்கிட்ட இல்ல. இருக்கேன். இருக்கேன், சொல்லு… அதெப்படி, மேல போய்ப் பாக்க வேண்டியதுதானே? கல்லு என்ன எந்திரிச்சா போயிடும்?… படம் இருக்கும்போது எதுக்கு மலை ஏறணும்னு கேட்டாரா. நல்லா கேட்டாரு."

கதவு மூடியது. கத்திரி நாற்காலியை இழுத்துப் போட்டு நிமிர்ந்து உட்கார்ந்தாள். பழைய படச்சுருள்களை எல்லாம் நாலு வருஷத்துக்கு முன்னால் ஹார்ட் டிஸ்கில் ஏற்றி வைத்திருந்தாள். அருவிப் படத்தின் அசலைத் தேடினாள். பேச்சை நிறுத்தவில்லை.

"நான் ஒண்ணு சொல்றேன், கோவப்படாமக் கேளு. கோவப்பட்டாலும் பரவாயில்ல. உன் அம்மா இடது பக்கம்தான் கை காட்டினாங்க. நான்தான் மாத்தினேன்… படத்தைக் கண்ணாடியில பாக்கற மாதிரி இடம் வலமாத் திருப்பிப் போடலாம். அதுக்கு ஒரே ஒரு பொத்தான்… ஏன்னா, உன் மாமா முகம் வருதில்ல, அதுக்கு முன்னாடி? அவர் ஒரு பக்கம் பாக்கறாரு, அம்மாவும் அதே பக்கம் பாக்கறாங்க. ஒட்டிப் போட்டா ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பாக்காத மாதிரி, சண்டை போட்டவங்க மாதிரி இருந்துச்சு. திருப்பிப் போட்டேன். அண்ணனும் தங்கச்சியும் ஒருத்தரை ஒருத்தர் பாத்துக்கிட்டாங்க. அவ்ளோதான்… ஆமா, அதுக்காகத்தான்… ஆமா, அழகா இருக்கணும்னுதான்."

அந்த வெட்டைச் சினிமாக் கல்லூரியில் பாடமாகக் காட்டுகிறார்கள் என்பதைச் சொல்ல வாயெடுத்தாள், சொல்லவில்லை. அந்தக் கல்லூரிக்காரர்கள்தான் விழா எடுக்கிறார்கள்.

"…எனக்குத் தெரியாதும்மா. ரெண்டு கரைக்கும் அப்படி ஒரு கணக்கு இருக்குன்னு யாரும்… தூங்கற கரை, முழிக்கிற கரை. ம். இடது தூங்கற கரை… அதனாலதான் செத்தவங்க அங்க. நான் அவங்களைத் தூக்கி முழிக்கிற கரையில வெச்சிட்டேன்… மாமா பாத்தாரா? எப்போ?… துணி கட்டிப் படம் போட்டாங்களே, அன்னிக்கா? அன்னிக்கு அவர் திரைக்கு முதுகு காட்டி உக்காந்துட்டாருன்னு டைரக்டர் சொல்வாரே… ஆமா, அது எனக்குத் தெரியும். எல்லா மேடையிலயும் சொல்வாரு. 'பெரியவர் சினிமாவே பாத்ததில்ல, மிரண்டுட்டார்'னு. எல்லாரும் சிரிப்பாங்க… நானும்தான். நானும் சிரிச்சிருக்கேன்… மிரளல. ம்… அது தப்புன்னு சொல்லத்தான் திரும்பி உக்காந்தாரா… ஒருத்தரும் கேக்கலையா?… இப்ப உன்கூடப் பேசறதில்லையா? எத்தனை நாளா?… நீ எழுதிக் குடுத்ததுலேர்ந்து. வாசல்ல உக்காந்திருக்காரா இப்ப? உனக்கு முதுகு காட்டியா… பழக்கம் விடல அவருக்கு."

அசல் திறந்தது. நாற்பத்தொரு நிமிஷம். படத்தில் வைத்தது ஒரு நிமிஷம் பத்து விநாடி. நடு ஆற்றுப் பாறையில், அருவிக்கு முதுகு காட்டி, தழும்புள்ள இடது கையை நீட்டிக்கொண்டு நின்றாள் அந்த அம்மா. முதுகில் குழந்தை. கத்திரிக்கு அது தன் சமையலறையைப் பார்ப்பதுபோல இருந்தது.

"இருக்கு. என்கிட்ட அசல் இருக்கு. இடது கைதான். கண்ணால பாத்துட்டேன்… என்ன, வந்துட்டாரா? குடு, குடு, அவர்கிட்டயே குடு. மாமாவுக்கும் கேக்கற மாதிரி ஸ்பீக்கர்ல போடு… வணக்கம் சார். ஆமா சார், எடிட்டர். முப்பத்தொரு வருஷமா இதே வேலைதான்… இல்ல சார், நேர்ல போனதில்ல. ஒரு தடவைகூட… அது சரிதான் சார், போகாமத்தான் வெட்டினேன். அந்தக் காட்சியை இடம் வலமாத் திருப்பினது நான். டைரக்டர் இல்ல, கேமராமேன் இல்ல, நான்… எழுதித் தர்றேன். கையெழுத்தும் போடறேன்… அசலைத் தர்றேன் சார், அதுல யாரும் கை வைக்கல."

கைபேசி காதுக்குள் டொக் டொக் என்றது. இன்னொரு அழைப்பு. எடுத்துப் பார்த்தாள்: டைரக்டர். தொகுப்பு முடிந்ததா என்று கேட்பார். அதைச் சிணுங்க விட்டுவிட்டு மறுபடி காதில் வைத்தாள்.

"இருக்கேன் சார்… வேற என்னவா?…"

இந்தக் கேள்வி வரும் என்று அவளுக்குத் தெரியும். வேறு எதை எல்லாம் மாற்றினீர்கள்? 'வேற ஒண்ணும் இல்ல சார்' என்று சொல்லிவிடலாம். நாலே வார்த்தை. படமும் பிழைக்கும், இந்தப் பெண்ணுக்கும் நல்லதாகத்தான் தெரியும். ஆனால் நாளைக்கு எவனாவது ஒருவன் தோண்டி எடுத்து, இதுவும் பொய் என்பான். அப்போது அந்த இடது கையும் பொய்யாகிவிடும். அந்த ஒரு கை தப்ப வேண்டும், மற்றதெல்லாம் எக்கேடு கெட்டால் என்ன என்று இருந்தது அவளுக்கு.

"இருக்கு சார். நெறைய இருக்கு… எழுதிக்குங்க. அதுல கேக்கற மழை அந்த ஊர் மழை இல்ல, வேற படத்துலேர்ந்து எடுத்துப் போட்டது. காலையில கூவற பறவையும் அப்படித்தான், அது அங்க இருக்கான்னே எனக்குத் தெரியாது… பெரியவர் 'இது உங்க இடமா'ன்னு கேட்டதுக்குத் தலையாட்டுவாரே? அது அந்தக் கேள்விக்கு ஆட்டினது இல்ல சார். டீ வேணுமான்னு கேட்டதுக்கு… ஆமா சார், டீக்கு. அந்தக் கேள்விக்கு அவர் பதினோரு நிமிஷம் பதில் சொன்னார், நீளமா இருக்குன்னு வெட்டிட்டேன்… வீட்டுக்குள்ள ராத்திரின்னு வரும், அது பகல்தான்… சிரிக்காதீங்க சார்… இல்ல, நீங்க சிரிங்க. சிரிப்பாத்தான் இருக்கு."

சொல்லச் சொல்ல, வீடு காலி செய்கிற நாளில் சாமான்களை ஒவ்வொன்றாகத் தெருவில் எடுத்து வைப்பது போலிருந்தது. அருவிப் படம் கொஞ்சம் கொஞ்சமாகத் தெருவுக்கு வந்துகொண்டிருந்தது.

"…சரி சார். ரெண்டு தரப்புக்கும் படம் சான்று இல்ல. அப்படியே எழுதிக்குங்க… அப்போ மேல ஏறித்தானே சார் பாக்கணும்?… அடுத்த மாசமா. நடந்து போவீங்களா? அதுதான் வேணும் சார். இடது கரை. பெரியவர் வழி காட்டுவாரு… என்ன சார்?… அது எனக்கு எப்படி சார் தெரியும்? கல்லுன்னா கல்லுதான், யாரோட கல்லுன்னு அது மேல எழுதியா இருக்கும்?… யாரோடதுன்னு தெரியாம கல்லைப் பாத்து என்ன பிரயோஜனம்னா… நான் என்ன சொல்லட்டும் சார். எனக்குத் தெரியாது… சரி. சரி. வணக்கம்."

எதிர்முனையில் நாற்காலிகள் நகர்ந்தன. நடை. ஒரு கதவு.

"ஹலோ… நீதானா. ம். கேட்டேன்… அவர் கேட்டதும் நியாயம்தான். யாரோடதுன்னு சொல்ல ஆள் வேணுமே. மாமாவுக்குத் தெரியாதா?… அவங்க அம்மாவோடது மட்டும்தானா. மிச்சத்தை உன் அம்மாதான் மனசுல வெச்சிருந்தாங்களா… பொம்பளைங்கதான் வெச்சிருப்பாங்களா, ம்… விடு. போய்ப் பாத்துக்கலாம்… சார்ஜ் எவ்ளோ இருக்கு?… நாலா? அப்போ வெச்சிடு, அப்புறம்… என்ன? ம்… அந்த அசலா. நாப்பத்தொரு நிமிஷம் இருக்கு… ஆமா, உனக்குக் கெடைச்சது ஒரு நிமிஷம் பத்து விநாடிதான்… மிச்சத்துலயா? என்னென்னவோ செய்வாங்க. உன் மூக்கைத் துடைப்பாங்க. கேமராமேனைத் தண்ணி ஆழத்துக்குப் போகாதேன்னு திட்டுவாங்க… கேக்கணுமா? இரு."

ஸ்பீக்கர் பக்கத்தில் கைபேசியை வைத்தாள். அருவி இரைந்தது. அந்த அம்மாவின் குரல் வந்தது, குழந்தை சிணுங்கியது. ஒரு நிமிஷம் கழித்துக் கைபேசியை எடுத்தாள்.

"கேட்டுச்சா?… சரி, மூக்கை உறிஞ்சு, பேசு. அது நீதான் அழுதது… இப்ப ஒரு இடம் வரும், சும்மா முணுமுணுன்னு ஏதோ பாடுவாங்க. பாட்டும் இல்ல பேச்சும் இல்ல. அதைத் தள்ளிட்டு, அப்புறம் உன்னை இறக்கி… தள்ள வேண்டாமா? ஏன்?… இதுவா? இதை எனக்கு ரொம்பப் பிடிக்கும், நல்ல குரல். நான் வேற நாலு படத்துல பின்னணியா வெச்சிருக்கேன். யாரோ மாவு இடிக்கும்போது, யாரோ வலை பின்னும்போது… விழாத் தொகுப்புக்கும் அடியில இதுதான் ஓடுது… ஏம்மா? ஏன் சத்தம் போடற?… பேரா?"

கத்திரி திரையைப் பார்த்தாள்.

"பேருன்னா… யாரோட பேரு?… கல்லுங்களோட… செத்தவங்க பேரா? ஒவ்வொண்ணாவா?…"

திரையில் அந்த அம்மா முணுமுணுத்தபடி இடது கையை அசைத்துக்கொண்டிருந்தாள். கொஞ்சம் இந்தப் பக்கம், நிறுத்தி, இன்னும் கொஞ்சம் அந்தப் பக்கம். பூச்சி ஓட்டுகிறாள் என்றுதான் கத்திரி இத்தனை வருஷமும் நினைத்திருந்தாள். பூச்சி ஓட்டுவதைப் படத்தில் வைக்க முடியாது என்று காட்சியை எறிந்துவிட்டு, குரலை மட்டும் எடுத்துக்கொண்டாள்.

"இரு, இரு, வெச்சிடாதே. முதல்லேர்ந்து போடறேன். மாமாவைக் கூப்பிடு… வரமாட்டாரா? போனை அவர் காதுல வை. முதுகு காட்டினா முதுகு பக்கமாப் போய் வை!… வெச்சிட்டியா? எழுத ஏதாவது இருக்கா? கையில எழுது. கேளு… கை தண்ணியோரத்துல காட்டுது, இது ஒண்ணு… எழுதிட்டியா… கை மேல போகுது, பெரிய மரத்துக்கு அடியில, ரெண்டு… யாரது பின்னாடி? மாமாவா? அவரும் கூடவே சொல்றாரா?… சொல்லட்டும், சொல்லட்டும், தடுக்காதே. மூணு… அதே மரம், இன்னொரு பக்கம், நாலு… இதுல குரல் கொஞ்சம் இறங்கும். அது யாரு?… குழந்தையா. உனக்கு முன்னாடி பொறந்ததா… ம்… ம். அஞ்சு… எழுது, எழுது. அப்புறம் அழலாம்… ஆறு, ஏழு, ரெண்டும் ஒரே இடம், பக்கத்துல பக்கத்துல. எட்டு. இது உன் மாமாவோட அம்மா, அப்படித்தானே?… நான் எல்லாத்தையும் தர்றேன், அசலை நானே எடுத்துட்டு வர்றேன், அடுத்த மாசம் நானும் மலை ஏறறேன்… கேக்குதா? இன்னும் ஒண்ணு இருக்கு. கடைசியா ஒண்ணு, அதைக் கேட்டுட்டு… ஹலோ?… ஹலோ? இன்னும் ஒண்ணு பாக்கிம்மா… ஹலோ!"

கைபேசி செத்திருந்தது. இவளுடையது அல்ல, அங்கே.

நிறுத்தலாம் என்று விரல் போனது. நிறுத்தவில்லை. திரையில் அந்த அம்மாவின் கை எட்டாவது கல்லை விட்டு நகர்ந்து, அதற்குப் பக்கத்தில் ஒன்றும் இல்லாத ஒரு இடத்தைக் காட்டியது. ஒன்பதாவது பெயரைச் சொன்னாள். சொல்லிவிட்டு அதே கையால் தன் நெஞ்சைத் தட்டிக் காட்டினாள். காட்டிவிட்டு, முதுகில் இருந்த குழந்தை குலுங்கக் குலுங்கச் சிரித்தாள்.

டைரக்டர் சொன்ன ஏதோ ஜோக்குக்குச் சிரிக்கிறாள் என்றுதான் கத்திரி நினைத்திருந்தாள். அந்தச் சிரிப்பைத்தான் வெட்டி எடுத்து, தன் விழாத் தொகுப்பின் கடைசியில் ஒட்டியிருந்தாள்.